தண்ணீர் ஊற்றியும் மண் உள்ளே காய்ந்தே கிடக்கிறதா? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

சித்திரை பிறந்ததிலிருந்து மாடித்தோட்டக்காரர்கள் என்னிடம் கேட்பது பெரும்பாலும் ஒரே விஷயம்தான்: தண்ணீர் ஊற்றுகிறேன், ஆனால் செடி குடிக்க மாட்டேன் என்கிறது. ஆளுக்கு ஆள் கேட்கும் விதம்தான் மாறும். அப்படி வந்த கேள்விகளையும், தொட்டியிலும் தரையிலும் நான் செய்து பார்த்த பதில்களையும் இங்கே சேர்த்து எழுதியிருக்கிறேன்.

தினமும் இரண்டு வேளை ஊற்றுகிறேன், அடித்துளை வழியாகத் தண்ணீர் வரவும் செய்கிறது. அப்புறம் ஏன் செடி வாடுகிறது?

அடியில் தண்ணீர் வந்துவிட்டது என்பதற்காக மண் நனைந்துவிட்டது என்று நினைக்காதீர்கள். எனக்கு இது புரிந்தது ஒரு கத்திரிச் செடியை இழந்த பிறகுதான். ஒரு மே மாதம் பத்து நாள் ஊருக்குப் போய்விட்டுத் திரும்பினேன். செடி வளர்க்கும் பைகள் எல்லாம் காற்றடைத்த தலையணை போல லேசாக இருந்தன. மூன்று நாள் காலையும் மாலையும் ஊற்றினேன், ஒவ்வொரு முறையும் அரை நிமிடத்தில் அடியில் தண்ணீர் கொட்டியது, சரி, குடித்துவிட்டது என்று நகர்ந்துவிட்டேன். செடி நிமிரவே இல்லை. நான்காம் நாள் பையைப் பக்கவாட்டில் பிளேடால் கீறிப் பார்த்தேன். மேலே இரண்டு விரல்கடை ஈரம். பையை ஒட்டி ஓரத்தில் தாள் கனத்துக்கு ஈரம். நடுவில் முழுக்க மூக்குப்பொடி போல உலர்ந்த தூள், கையில் அள்ளினால் விரலிடுக்கில் ஒழுகியது. வேர்கள் அந்தத் தூளுக்குள் காய்ந்த நூல் மாதிரி கிடந்தன.

நடந்தது இதுதான். மண்கலவை நன்றாகக் காய்ந்தால் சுருங்கும். சுருங்கினால் பைக்கும் மண்ணுக்கும் நடுவே ஒரு இடைவெளி விழும். தண்ணீருக்கு எளிதான வழி கிடைத்தால் அது அந்த வழியில்தான் போகும், அதனால் ஓரமாகவே இறங்கி வெளியே வந்துவிடும். மண்ணுக்குள் நுழைய அதற்கு நேரமே கிடைப்பதில்லை.

மண் எப்படித் தண்ணீரைத் தள்ளும்? மண்ணின் குணமே தண்ணீரை உறிஞ்சுவதுதானே?

சேப்பங்கிழங்கு இலையில் தண்ணீர் விட்டுப் பார்த்திருப்பீர்கள், முத்து முத்தாக உருண்டு ஓடும். இலையின் மேல் இருக்கும் மெழுகுதான் காரணம். மண்ணில் மக்கும் இலை, தழை, வேர் எல்லாவற்றிலும் இந்த மெழுகுத்தன்மையுள்ள பொருட்கள் கொஞ்சம் கொஞ்சம் உண்டு. பூஞ்சை இழைகளும் அப்படிப்பட்ட பொருட்களை விட்டுச் செல்லும். ஈரமாக இருக்கும்வரை இவற்றால் தொந்தரவு இல்லை. மண் எலும்பாகக் காய்ந்த பிறகு இவை மண் துகள்களின் மேல் ஒரு பூச்சு போலப் படிந்து தண்ணீரை ஒட்டவிடாமல் செய்துவிடும்.

மணற்பாங்கான மண்ணில் இது சீக்கிரம் வரும். மணல் துகள் பெரியது, அதனால் ஒரு பிடி மணலின் மொத்த மேற்பரப்பு குறைவு, கொஞ்சம் மெழுகே எல்லாத் துகள்களையும் மூடப் போதும். களிமண்ணின் மேற்பரப்பு பல மடங்கு அதிகம் என்பதால் அவ்வளவு எளிதில் மூடாது. தைலமரத் தோப்புக்குள் கோடையின் முதல் மழைக்குப் போய்ப் பாருங்கள், மேலே தண்ணீர் ஓடிக்கொண்டிருக்கும், காலால் லேசாகக் கீறினால் அடியில் புழுதி இருக்கும்.

இன்னொன்று காற்று. உலர்ந்த கலவையின் துளைகளில் காற்றுதான் நிறைந்திருக்கிறது. தண்ணீரை மொத்தமாகக் கொட்டினால் அந்தக் காற்றுக்கு வெளியேற வழி இல்லை. கேழ்வரகு மாவில் ஒரேயடியாகத் தண்ணீரை ஊற்றினால் கட்டி கட்டியாக நின்று உள்ளே மாவு உலர்ந்தே இருக்குமே, ஏறக்குறைய அதே கதைதான்.

என் தொட்டியில் இந்தப் பிரச்சினை இருக்கிறதா என்று எப்படித் தெரிந்துகொள்வது?

விரலை விடுங்கள். மேலே ஈரம் தெரிகிறதா என்று பார்ப்பதில் பயனில்லை, ஊற்றி அரை மணி நேரம் கழித்து ஒரு விரல் முழுவதும் உள்ளே போக வேண்டும். விரல் நுனியில் ஈரம் படாவிட்டால் தண்ணீர் உள்ளே போகவில்லை. ஆழமான தொட்டிக்கு ஒரு மூங்கில் குச்சியைச் செருகி எடுத்துப் பாருங்கள், குச்சியில் எதுவும் ஒட்டாமல் வந்தால் அடியில் காய்ந்திருக்கிறது.

சந்தேகம் தீரவில்லையென்றால் தொட்டிக்குக் கீழே ஒரு தாம்பாளம் வைத்து, ஒரு லிட்டர் அளந்து ஊற்றி, கீழே வந்ததை அளந்து பாருங்கள். உடனே முக்கால் லிட்டருக்கு மேல் திரும்பி வந்து, தொட்டியும் தூக்கினால் லேசாக இருந்தால் ஐயமே வேண்டாம்.

மண்ணே தண்ணீரைத் தள்ளுகிறதா, அல்லது ஓர இடைவெளிதான் பிரச்சினையா என்று பிரித்துப் பார்க்க ஒரு சொட்டுச் சோதனை உண்டு. இரண்டு அங்குல ஆழத்திலிருந்து கொஞ்சம் மண் எடுத்து, நன்றாக உலர்த்தி, ஒரு தட்டில் பரப்பி, ஒரு சொட்டுத் தண்ணீர் விடுங்கள். 5 நொடிக்குள் மறைந்தால் மண் நன்றாகவே குடிக்கிறது. அதைத் தாண்டி நின்றால் லேசான விலக்கம், அதாவது தண்ணீரைத் தள்ளும் குணம் இருக்கிறது. ஒரு நிமிடத்துக்கு மேலும் சொட்டு உருண்டையாக அப்படியே உட்கார்ந்திருந்தால் விலக்கம் பலமாக இருக்கிறது. மண்ணியல்காரர்களும் இதே சோதனையைத்தான் செய்கிறார்கள், அதனால் தயங்காமல் நம்பலாம்.

சரி, காய்ந்துபோன தொட்டியை எப்படி மீட்பது?

தூக்க முடிகிற தொட்டி என்றால் ஊறவைப்பதுதான் ஒரே நல்ல வழி, மற்றதெல்லாம் இதற்கு அப்புறம். ஒரு அகலமான வாளியிலோ பேசினிலோ தொட்டி உயரத்தில் பாதிக்கு மேல் தண்ணீர் நிரப்பி, தொட்டியை மெதுவாக இறக்குங்கள். கோகோபீட் (தென்னை நார்த்தூள்) அதிகமுள்ள கலவை மிதக்கப் பார்க்கும், முதல் ஐந்து நிமிடம் கையால் பிடித்துக்கொள்ளுங்கள், அல்லது மேலே ஒரு செங்கல் துண்டு வையுங்கள். குமிழி குமிழியாகக் காற்று வெளியேறுவது தெரியும். குமிழி நிற்கும்வரை விடுங்கள். சின்னத் தொட்டிக்கு அரை மணி, பெரிய தொட்டிக்கு ஒரு மணிக்கு மேலும் ஆகும். மேல்மண் தானாகக் கறுத்து ஈரமாவதைப் பார்க்கலாம், அப்போது எடுத்து நிழலில் வைத்து வடியவிடுங்கள். இரவு முழுக்க விட்டுவிடாதீர்கள், வேருக்கு மூச்சு வேண்டும்.

எடுத்த பிறகு ஓரத்து இடைவெளியை மறந்துவிடுகிறார்கள். மண் மறுபடி உப்பினாலும் பல நேரம் அந்த வெடிப்பு முழுக்க மூடாது. மட்கிய உரத்தோடு கொஞ்சம் மண் கலந்து ஓரமெல்லாம் திணித்து, விரலால் அழுத்திவிடுங்கள். இதைச் செய்யாவிட்டால் நாளைக்கும் தண்ணீர் அதே ஓரத்தில்தான் இறங்கும்.

என்னிடம் இருப்பது பெரிய குரோ பேக், தூக்கவே முடியாது.

அப்படியென்றால் பொறுமைதான் வேண்டும். முதலில் மேல்மண்ணைக் களைக்கொட்டால் ஒரு அங்குலம் லேசாகக் கிளறிவிடுங்கள், வேரைக் கிழிக்க வேண்டாம். தண்டிலிருந்து ஒரு சாண் தள்ளி, விரல் தடிமன் உள்ள குச்சியால் ஐந்தாறு இடத்தில் பையின் முக்கால் ஆழத்துக்குத் துளை போடுங்கள். துளை அடிவரைக்கும் போகக்கூடாது, போனால் தண்ணீர் நேராக வெளியே வந்துவிடும்.

அப்புறம் ஒரு குவளைத் தண்ணீரைப் பூவாளியில் மேல் முழுக்கத் தெளித்துவிட்டுப் போய் வேறு வேலை பாருங்கள். பத்துப் பதினைந்து நிமிடம் கழித்து இன்னொரு குவளை. இப்படி நான்கைந்து தடவை. முதல் குவளை எங்கே போனது என்றே தெரியாது, இரண்டாவது கொஞ்சம் தேங்கும், மூன்றாவதிலிருந்துதான் மண் இழுக்க ஆரம்பிக்கும். ஈரமான துகள் பக்கத்துத் துகளுக்கு ஈரத்தைக் கொடுக்கும், காய்ந்த துகள் கொடுக்காது, அதனால் ஆரம்பம்தான் கடினம். ஒரு வாளித் தண்ணீரை மொத்தமாகக் கொட்டுவதைவிட இப்படிப் பிரித்து ஊற்றிய அரை வாளி அதிகம் நனைக்கிறது. இதை மாலையில் தொடங்குங்கள், இரவு முழுக்க ஈரம் பரவ நேரம் கிடைக்கும். மறுநாள் காலையிலும் ஒரு தடவை செய்தால் பெரும்பாலும் சரியாகிவிடும்.

நர்சரியில் வாங்கிய ரோஜாவைப் புதுக் கலவையில்தான் நட்டேன். கலவை ஈரமாகவே இருக்கிறது, செடி மட்டும் காய்கிறது. ஏன்?

இது பலரும் கவனிக்காத விஷயம். நர்சரிச் செடி பெரும்பாலும் ஒட்டும் செம்மண்ணில், கறுப்புப் பாலித்தீன் கவரில் வரும். அந்தச் சின்ன மண் உருண்டை வழியில் காய்ந்தால் செங்கல் மாதிரி ஆகிவிடும். அதை அப்படியே பொலபொலப்பான கலவைக்குள் வைத்தால், ஊற்றும் தண்ணீர் உருண்டையைச் சுற்றிக்கொண்டு இறங்கிவிடும். வேர் மொத்தமும் அந்த உருண்டைக்குள்தான் இருக்கிறது, சுற்றிலும் ஈரம், நடுவில் பஞ்சம்.

நடும் முன்பு கவரோடு சேர்த்து உருண்டையை வாளியில் குமிழி நிற்கும்வரை ஊறவைத்துவிட்டு, பிறகு கவரைக் கிழித்து நடுங்கள். வேர் வட்டமாகச் சுற்றியிருந்தால் ஓரத்தில் விரலால் கொஞ்சம் பிரித்துவிடுங்கள். ஏற்கெனவே நட்டாகிவிட்டது என்றால் முதல் இரண்டு வாரம் தண்டை ஒட்டியே, மெல்லிய தாரையாக ஊற்றுங்கள். பிரிந்த வேர் புதுக் கலவைக்குள் நுழைந்த பிறகு வழக்கம்போல ஊற்றலாம்.

பாத்திரம் கழுவும் திரவம் ரெண்டு சொட்டு விட்டால் போதும் என்கிறார்களே?

வேலை செய்யும். சோப்பு தண்ணீரின் மேற்பரப்பு இழுவிசையைக் குறைக்கிறது, உருண்டு நிற்கும் சொட்டு தட்டையாகப் பரவி உள்ளே நுழைகிறது. கடைகளில் விற்கும் மண் நனைப்பான்களும் இந்த அடிப்படையில்தான் வேலை செய்கின்றன, அவை செடிக்கென்று தயாரிக்கப்பட்டவை என்பதுதான் வித்தியாசம். அவசரத்துக்கு ஒரு லிட்டருக்கு இரண்டு மூன்று சொட்டு, ஒரே ஒரு தடவை, அதற்குமேல் வேண்டாம். துணி துவைக்கும் தூளை மட்டும் தொடவே தொடாதீர்கள். அதில் இருக்கும் சோடா மண்ணைக் கெடுக்கும், கெட்ட மண் தண்ணீரை இன்னும் மோசமாகத் தடுக்கும்.

நான் பூந்திக்கொட்டைதான் வைத்திருக்கிறேன். நாலைந்து கொட்டையை உடைத்து, விதையை எடுத்துவிட்டு, தோலை ஒரு லிட்டர் தண்ணீரில் இரவு ஊறவைத்து, காலையில் பிசைந்து வடிகட்டினால் நுரை வரும். அதைப் பத்து லிட்டர் தண்ணீரில் கலந்து காய்ந்த பைகளுக்கு முதல் சுற்றாக ஊற்றுகிறேன், பிறகு வெறும் தண்ணீர். அதில் இருக்கும் சபோனின்தான் நுரைக்கும் நனைப்புக்கும் காரணம், சீயக்காயிலும் அது உண்டு. ஒன்றை மட்டும் மனதில் வையுங்கள்: சபோனின் மீனுக்கு ஆகாது. அல்லித் தொட்டியில் மீன் விட்டிருந்தால் அதில் ஒரு சொட்டும் வடியக்கூடாது.

கோகோபீட் தண்ணீர் பிடிக்கும் என்றுதானே சேர்த்தோம், அதுவே தள்ளுமா?

கோகோபீட் என்கிற தென்னை நார்க்கழிவு தன் எடையைப்போலப் பல மடங்கு தண்ணீர் பிடிக்கும், அது உண்மை. வெளிநாடுகளில் அதிகம் பயன்படும் பீட் பாசியோடு ஒப்பிட்டால், காய்ந்த பிறகு மறுபடி நனைவதிலும் இது எவ்வளவோ மேல். ஆனால் முழுக்கக் காய்ந்த நார்த்தூள் லேசாக இருப்பதால் மிதக்கும், சுருங்கும், ஓரத்தில் இடைவெளி விடும். அதனால் கோகோபீட்டை மட்டும் நிரப்பிய பை கோடையில் ஆபத்து. அது காய்வது மேலிருந்து பார்த்தால் தெரியவும் தெரியாது.

கட்டியாக வாங்கினால் முழுக்க ஊறி உதிர்ந்த பிறகுதான் கலவையில் சேர்க்க வேண்டும், பாதி ஊறிய கட்டிகள் உள்ளே அப்படியே காய்ந்து கிடக்கும். வெந்நீர் ஊற்றினால் சீக்கிரம் உப்பும். உப்புச்சத்து போக இரண்டு மூன்று தண்ணீர் அலசிவிடுங்கள். எனக்குச் சரிப்பட்டு வந்தது செம்மண் ஒரு பங்கு, கோகோபீட் ஒரு பங்கு, மண்புழு உரமோ நன்றாக மட்கிய தொழுவுரமோ ஒரு பங்கு. மண்ணின் கனம் இருந்தால்தான் கலவை அமர்ந்து நிற்கும்.

தண்ணீர் இறங்க மணல் சேர்க்கலாமா?

வேண்டாம். மணல் வடிகாலுக்கு உதவும், உறிஞ்சுவதற்கு உதவாது. மேலே சொன்னதுபோல மெழுகு பூச்சு முதலில் பிடிப்பதே மணலில்தான்.

ஹைட்ரஜெல் போட்டால் தீருமா?

டெல்லியில் உள்ள இந்திய வேளாண் ஆராய்ச்சி நிறுவனம் உருவாக்கிய பூசா ஹைட்ரஜெல் போன்றவை தண்ணீரைப் பிடித்து வைத்துக்கொண்டு மெல்ல விடுபவை. ஆனால் தண்ணீர் முதலில் அதுவரை போய்ச் சேர வேண்டுமே. ஓரமாக வழிந்து ஓடுகிற தொட்டியில் ஹைட்ரஜெல்லும் காய்ந்தேதான் கிடக்கும். புதிதாகக் கலவை தயாரிக்கும்போது சேர்ப்பது வேறு விஷயம், இந்த நோய்க்கு அது மருந்து இல்லை.

தொட்டி இல்லை, வீட்டைச் சுற்றித் தரையில்தான் தோட்டம். மழை பெய்தாலும் தண்ணீர் நிற்கிறது, இல்லையென்றால் ஓடிவிடுகிறது.

எந்த மண் என்பதைப் பொறுத்தது.

செம்மண் என்றால் பெரும்பாலும் மேல்மண் இறுக்கம். மழைத்துளி வேகமாக விழும்போது மண் கட்டிகள் உடைந்து நுண்துகள் துளைகளை அடைத்துவிடும், காய்ந்ததும் அப்பளம் போல ஒரு ஓடு உருவாகும். அந்த ஓட்டைக் கொத்தி உடைத்து, மட்கு உரம் இரண்டு அங்குலம் பரப்பி, மேலே சருகோ வைக்கோலோ மூடாக்காகப் போட்டால் அடுத்த மழைக்கே வித்தியாசம் தெரியும். சித்திரை மாதத்து உழவு பத்தரை மாற்றுத் தங்கம் என்று சொல்லி வைத்தார்களே, கோடை மழை ஓடிப்போகாமல் மண்ணுக்குள் இறங்க வேண்டும் என்பதும் அதில் ஒரு காரணம். தோட்டத்தில் ஏர் ஓட்ட முடியாது, களைக்கொட்டு போதும்.

கரிசல், களிமண் என்றால் காய்ந்து வெடித்திருக்கும். வெடிப்பு வழியாக நிறையத் தண்ணீர் ஆழத்துக்குப் போய்விடும், மேல் வேருக்குக் கிடைக்காது. முதலில் லேசாகத் தெளித்து மண்ணை உப்பவிட்டு, வெடிப்பு மூடிய பிறகு நிறைய ஊற்றுங்கள்.

களர் நிலமாகவும் இருக்கலாம். ஒரு காய்ந்த மண் கட்டியை மழைத்தண்ணீர் உள்ள கண்ணாடி டம்ளரில் மெதுவாகப் போட்டு, ஆட்டாமல் சில மணி நேரம் விடுங்கள். கட்டியைச் சுற்றிப் பால் கரைந்தது போலக் கலங்கல் பரவினால் சோடியம் அதிகம் இருக்க வாய்ப்பு உண்டு. அந்த மண்ணுக்குத்தான் ஜிப்சம் உதவும். மாவட்ட மண் பரிசோதனை நிலையத்தில் கொடுத்து, எவ்வளவு போடுவது என்று கேட்டுப் போடுங்கள். மற்ற மண்ணுக்கு, பூக்கடைக்காரர் சொன்னார் என்று ஜிப்சம் அள்ளிப் போடுவது வீண்.

எங்கள் வீடு கடற்கரைப் பக்கம், சுத்த மணல். எவ்வளவு ஊற்றினாலும் போதவில்லை.

மணலுக்குக் களி சேர்ப்பதுதான் நிரந்தரத் தீர்வு. குளத்து வண்டல் கிடைத்தால் விடாதீர்கள். கோடையில் கண்மாய் வற்றியதும் வண்டல் அள்ளி வயலுக்கு அடிப்பது நம் ஊரில் வழிவழியாக வந்த வேலை. மேற்கு ஆஸ்திரேலியாவின் மணல் நிலங்களில் கோதுமை விளைவிப்பவர்களுக்கும் மண் தண்ணீரைத் தள்ளும் தொல்லை பெரிதாக உண்டு, அங்கேயும் களிமண்ணை மேலே பரப்பி மணலோடு கலந்துதான் சரிசெய்கிறார்கள். வண்டலை மேலே கொட்டி அப்படியே விட்டால் ஓடாகிவிடும், அரை அடி ஆழத்துக்கு மணலோடு கலக்க வேண்டும், கூடவே தொழுவுரமும்.

மூடாக்கு போட்டால் தண்ணீர் மண்ணுக்குப் போகாது என்கிறார்கள், உண்மையா?

காய்ந்த மண்ணின் மேல் போட்டால் உண்மை. முதலில் மண்ணை முழுக்க நனைத்து, பிறகு மூடுங்கள். காய்ந்த இலை, கரும்புச் சோகை, தேங்காய் மட்டை நார், வைக்கோல் எது கிடைத்தாலும் இரண்டு அங்குலக் கனம் போதும், தண்டை ஒட்டாமல் கொஞ்சம் விலக்கிப் போடுங்கள். வெயில் நேரடியாக மண்ணில் படாததால் மேல்மண் காயாது, காயாத மண் தண்ணீரைத் தள்ளாது. என்னைக் கேட்டால், அக்னி நட்சத்திரத்தில் உரத்துக்குச் செலவு செய்வதைவிட ஒரு சாக்குச் சருகு சேர்த்து வைப்பது எவ்வளவோ மேல்.

சொட்டுநீர் போட்டிருக்கிறேன், அப்புறமும் இந்தப் பிரச்சினை வருமா?

வரும். ஒரே இடத்தில் சொட்டினால் அங்கே ஒரு குழாய் போல ஈரம் இறங்கும், பக்கவாட்டில் பரவாது. கோகோபீட் கலவையில் இது அதிகம். 12 அங்குலப் பைக்குக் குறைந்தது இரண்டு சொட்டுவான் எதிரெதிராக வையுங்கள். ஒரே தடவை அரை மணி விடுவதைப் பத்து நிமிடமாக மூன்று வேளைக்குப் பிரியுங்கள். வாரம் ஒரு தடவை பூவாளியால் மேல் முழுக்க நனைப்பதும் அவசியம்.

வாடின செடிக்குத் தெம்புக்கு உரம் கொடுக்கலாமா?

கூடவே கூடாது. காய்ந்த வேரில் உரம் பட்டால் கருகும், அது பஞ்சகவ்யமாக இருந்தாலும் சரி. மண் முழுக்க நனைந்து, செடி நிமிர்ந்து, புதுத் தளிர் எட்டிப்பார்த்த பிறகு பாதி அளவில் ஆரம்பியுங்கள். அதுவரை நிழலில் வையுங்கள். இலை எல்லாம் காய்ந்திருந்தாலும் தண்டை நகத்தால் சுரண்டிப் பாருங்கள், உள்ளே பச்சை தெரிந்தால் கைவிடாதீர்கள்.

ஒரு வாரம் ஊருக்குப் போக வேண்டும். திரும்பி வரும்போது மண் கெடாமல் இருக்க என்ன செய்வது?

கிளம்புவதற்கு முந்தின நாள் மாலையில் சின்னத் தொட்டிகளை வாளியில் ஊறவைத்து எடுங்கள், பெரிய பைகளுக்குக் குவளைக் கணக்கில் ஊற்றுங்கள். எல்லாவற்றையும் நிழல் விழும் மூலையில் ஒன்றோடொன்று ஒட்டி நெருக்கமாக வையுங்கள், ஓரத்துப் பைகள் வெயில் வாங்கினாலும் நடுவில் இருப்பவை தப்பிக்கும். மூடாக்கு கட்டாயம். பெரிய பையில் ஒரு சின்ன மண்கலயத்தைக் கழுத்துவரை புதைத்து, தண்ணீர் நிரப்பி, சிரட்டையால் மூடிவிடுங்கள். சுட்ட மண் வழியாக ஈரம் கசிந்துகொண்டே இருக்கும். வண்ணம் பூசாத கலயமாக இருக்க வேண்டும், வண்ணம் பூசியது கசியாது. திரும்பி வந்ததும் குழாயைத் திறப்பதற்கு முன்னால் ஒவ்வொரு பையிலும் விரலை விட்டுப் பாருங்கள். காய்ந்ததை மட்டும் தனியாக எடுத்து வாளியில் வையுங்கள்.